மௌன நாள் பந்தி

ஆற்றங்கரை மடத்தில் சொக்கேசனைப் போலப் பேச ஆள் கிடையாது. அவன் வாயைத் திறந்தால் கல்லும் கரையும் என்பார்கள். அவனும் அதை மறுத்ததில்லை.

அன்று மாலை அரசரின் சபை கூடுகிறது. ஆற்றோரத்தில் கூடை முடைகிறவர்களுக்காகச் சொக்கேசன் அங்கே பேசப்போகிறான். வெள்ளம் வரும்போதெல்லாம் அவர்களுடைய குடிசைகள் மூழ்குகின்றன. ஊருக்கு வெளியே மேட்டில் ஓட்டு வீடு கட்டித் தாருங்கள் என்று கேட்கப்போகிறான்.

காலையில் குருவை வணங்கினான்.

"சுவாமி, அடுத்தவருக்காகப் பேசுவதில் தவறு ஏதும் உண்டா?"

"யாருக்காக?"

"கூடைக்காரர்களுக்காக. பாவம், வாயில்லாப் பூச்சிகள். சபை வாசலைக்கூட அவர்கள் மிதிக்க முடியாது."

"சாப்பாடு முடிகிறவரை நீ மௌனமாக இரு," என்றார் குரு.

மாலை பேச வேண்டிய தொண்டைக்கு ஓய்வு கொடுக்கிறார் என்று சொக்கேசனுக்கு ஒரே மகிழ்ச்சி.

மௌனத்தில் இருப்பவருக்குப் பந்தியில் பக்கத்தில் இருப்பவர்தான் கேட்டு வாங்கித் தர வேண்டும். அது மடத்து வழக்கம். அன்று பக்கத்தில் வந்து அமர்ந்தவர் குருவேதான்.

பரிமாறும் கந்தப்பர் பாகற்காய்க் கறியோடு வந்தார். சொக்கேசனுக்குப் பாகற்காய் ஆகவே ஆகாது.

"நிறைய வையுங்கள்," என்றார் குரு. "இவனுக்குப் பாகற்காய் என்றால் உயிர்."

சொக்கேசன் பதறிப்போய்த் தலையை ஆட்டினான்.

"பாருங்கள், ஆசையில் எப்படித் துடிக்கிறான்!"

சொக்கேசன் இரண்டு கைகளாலும் இலையை மூடினான்.

"கூச்சம். இவ்வளவு நாளும் இவனுக்காகக் கேட்க ஒரு நாதி இல்லையே, கந்தப்பரே!" குருவின் குரல் தழுதழுத்தது.

கந்தப்பருக்கும் கண் கலங்கிவிட்டது. அவன் கைகளை மெதுவாக விலக்கிவிட்டு, சட்டியை அப்படியே கவிழ்த்தார். இலையில் மிச்சம் வைக்கக்கூடாது என்பதும் மடத்து வழக்கம். சொக்கேசன் முழுவதையும் தின்று தீர்த்தான்.

கை கழுவியதும் வெடித்தான்.

"இலையை மூடினேனே சுவாமி, பார்க்கவில்லையா?"

"பார்த்தேன். ஆனால் பேச்சு அவ்வளவு நன்றாக வந்துகொண்டிருந்தது."

சொக்கேசனுக்குச் சுருக்கென்றது. நேரே ஆற்றோரத்துக்கு நடந்தான். அந்தக் கூடைக்காரர் தெருவைப் பற்றி நாள் முழுக்கப் பேசக்கூடியவன், அதற்குள் கால் வைத்தது அன்றுதான்.

முதல் குடிசை வாசலில் இருளாயி என்பவள் மூங்கில் பிளந்துகொண்டிருந்தாள். சபையில் கேட்கப்போவதை அவளிடம் சொன்னான்.

"மேட்டுக்கா?" அவள் கத்தியைக் கீழே வைத்தாள். "எங்கள ஊர விட்டுத் தள்ள எப்படா நேரம் வரும்னு காத்துக்கிட்டு இருக்காங்க. அதையே நீங்க போயி கேட்டு வாங்கித் தரப்போறீங்களா சாமி?"

"வேறு என்ன கேட்கட்டும்?"

"கரைய ஒசத்திக் கட்டச் சொல்லணும். இன்னும் எம்புட்டோ இருக்கு. எல்லாத்தையும் ஒங்ககிட்டச் சொல்லி விட முடியுமா? என்னைய அங்க நிக்க விட்டா நானே சொல்லுவேன்."

திரும்பி வந்த சொக்கேசனுக்கு வெட்கம் தாளவில்லை. நடந்ததைக் குருவிடம் சொன்னான்.

"நான் சபைக்குப் போகவில்லை சுவாமி. இனி அந்த இருளாயியே பேசிக்கொள்ளட்டும்."

"அவளை உள்ளே விடுவார்களா?"

"மாட்டார்கள்."

"உன்னை?"

"விடுவார்கள்."

"அப்படியானால் போ."

"போய் என்ன பேச?"

"அவளை உள்ளே விடச் சொல். விடுகிறவரை சொல்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். இன்றைக்கு உன் பேச்சை யாரும் மெச்ச மாட்டார்கள். அரசருக்குக் கோபம் வரும். இனி உன்னைக் கூப்பிடாமலேகூடப் போகலாம். சம்மதமா?"

சபைக்கு அழைக்கும் முரசு கேட்டது. சொக்கேசன் எழுந்து, இருளாயியைக் கூப்பிட நடந்தான்.