இரண்டு முறை தென்பட்ட நிலா

“சனிக்கிரகத்துக்கு இதுவரை யாரும் அறிவிக்காத ஒரு நிலா இருக்கு, மேடம். நான் பார்த்தேன். முப்பத்தொரு வருஷமா அதைத் திரும்பத் தேடுறேன். கிடைக்கலை.”

குலசேகரன் இப்படிச் சொன்னபோது அற்புதமேரி சாத்துக்குடி உரித்துக்கொண்டிருந்தார்.

சீடருக்கு வயது அறுபத்தொன்று. ஆசிரியைக்கு ஐம்பத்திரண்டு. அதில் குலசேகரனுக்குக் கொஞ்சம் கூச்சம்தான். ஆனால் எந்த நிலா எந்த வழியில் போகும், எந்தத் தேதியில் எங்கே நிற்கும் என்று கணக்குப் போட்டுச் சொல்வதில் அந்த அம்மாளை மிஞ்ச ஆள் கிடையாது. கிடைத்திருந்தால் அங்கே போயிருப்பார்.

“எத்தனை தடவை பார்த்தீங்க?”

“ரெண்டு தடவை. ஆறு நாள் இடைவெளி. ரெண்டும் தொலைநோக்கியில போடுற போட்டோக் கண்ணாடித் தட்டுல பதிவாயிருக்கு. இந்தாங்க, அளவெல்லாம் எழுதியிருக்கேன்.”

அற்புதமேரி தாளை வாங்கவில்லை. எழுந்து போய்க் கரும்பலகையில் ஒரு புள்ளி வைத்தார்.

“இது வழியா ஒரு வட்டம் போடுங்க.”

குலசேகரன் போட்டார். அதே புள்ளி வழியாக அந்த அம்மாள் இன்னும் மூன்று போட்டார். இரண்டாவது புள்ளி வைத்தார். இரண்டையும் தொட்டுக்கொண்டு மறுபடியும் வளையம் வளையமாகப் போட்டுக்கொண்டே போனார். பலகை இடியாப்பத் தட்டு மாதிரி ஆகிவிட்டது.

“இதுல எது உங்க நிலா போற பாதை?”

குலசேகரன் சாக்பீஸைக் கீழே வைத்தார். இதே பாடத்தை எத்தனையோ பேருக்கு நடத்திய மனுஷர் அவர்.

“மூணாவது ஒண்ணு வேணும், சார். இன்னும் சில வாரம் தள்ளி எடுத்தது. இருக்கா?”

“இல்லை. அந்த வருஷம் நான் வேலை பார்த்த தொலைநோக்கி மலையில மழை சீக்கிரமே பிடிச்சிட்டுது. நாற்பத்தஞ்சு நாள் மேகம் விலகலை. விலகினப்போ அது எங்கே போச்சுன்னே தெரியலை.”

“வேற மலையில வானம் தெளிவா இருந்திருக்குமே?”

“இருந்தது. வடக்கே ஒரு மலையில.”

“அங்கே கேட்டீங்களா?”

குலசேகரன் தாளை மடித்துப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். மறுநாளும் வந்தார். அதே கேள்விதான் காத்திருந்தது. மூன்றாம் நாள் செருப்பைக் கழற்றும்போதே சொல்லிவிட்டார்.

“அங்கே மாசிலாமணி இருந்தான். என்கூடப் படிச்சவன். ரெண்டு பேரும் சனியைத்தான் பார்த்துக்கிட்டிருந்தோம். ஞாயித்துக்கிழமை தவறாம டிரங்க் கால் போடுவான். ‘ஏதாவது உண்டா?’ம்பான். நான் ‘ஒண்ணுமில்லை’ம்பேன். அவனும் ‘இங்கேயும் ஒண்ணுமில்லைடா’ம்பான். அப்புறம் மெஸ் சாப்பாட்டைத் திட்டிக்கிட்டிருப்போம்.”

“நிலாவைப் பார்த்த பிறகு?”

“அப்பவும் ‘ஒண்ணுமில்லை’ன்னுதான் சொன்னேன். நாலு ஞாயிறு.”

“ஏன்?” என்றார் அற்புதமேரி.

“சொல்லியிருந்தா அன்னிக்கே எடுத்துக் கொடுத்திருப்பான். ஆனா பேரு ரெண்டு பேருக்கும்ல போகும்? எனக்கு மட்டும் வேணும்னு இருந்துச்சு. மழை விட்டதும் நானே எடுத்துக்கலாம்னு வாயை மூடிக்கிட்டேன். அல்பத்தனம், மேடம்.”

திட்டுவார் என்று எதிர்பார்த்தார். திட்டினால் தேவலை என்றுகூட இருந்தது.

அந்த அம்மாள் பக்கத்து அறையைத் திறந்துவிட்டார். உள்ளே எட்டு இரும்பு அலமாரிகள். மூடிப்போன தொலைநோக்கி மலைகளிலிருந்தும், இன்னும் மூடாத மலைகளிலிருந்தும் வந்த பழைய குறிப்பு நோட்டுகள்.

“இதையெல்லாம் கம்ப்யூட்டர்ல ஏத்தணும். எனக்கு ஆள் இல்லை.”

குலசேகரன் உட்கார்ந்தார்.

காலை பத்து மணிக்கு டிபன் கேரியரோடு வருவார். ஐந்து மணிவரை தட்டுவார். வியாழனின் நிலாக்கள், சனியின் நிலாக்கள், யாரோ அளந்த செவ்வாய். இடையிடையே மனிதர்களும் வந்தார்கள். ஒருவர் ஷூவுக்குள் தேள் இருந்ததை எழுதியிருந்தார். ஒருவர், கிரகத்தைப் பார்த்ததைவிட மேகத்தைப் பார்த்ததுதான் அதிகம் என்று எழுதிவிட்டுக் கையெழுத்தும் போட்டிருந்தார். குலசேகரனுக்குச் சிரிப்பு வந்தது. வெகுநாள் கழித்து வந்த சிரிப்பு.

பத்து மாதம் ஆயிற்று.

“மேடம், எல்லாம் முடிஞ்சுது.”

“எட்டாவது அலமாரி?”

குலசேகரன் தலையைக் குனிந்துகொண்டார். அது வடக்கு மலையின் அலமாரி. முதல் நாளே தெரியும் அவருக்கு. பத்து மாதமும் அதற்கு முதுகைக் காட்டித்தான் நாற்காலி போட்டிருந்தார்.

“அதை எடுங்கன்னு நீங்க சொல்லலையே.”

“வேண்டாம்னும் சொல்லலையே, சார்.”

போனார். அந்த வருஷத்து நோட்டு மூன்றாவது அடுக்கில் இருந்தது. மாசிலாமணியின் கையெழுத்துதான். எறும்பு வரிசை மாதிரி எழுதுவான்.

ஜூன் மாதம், ஒரு வெள்ளிக்கிழமை. நேரம், தட்டு எண், அளவுகள். கீழே நாலு வரி.

“சனிக்குக் கிழக்கே மங்கலாக ஒரு புள்ளி. எந்த அட்டவணையிலும் இல்லை. நிலாவாக இருக்கலாம். ஆனால் போன வருஷம் தட்டில் இருந்த தூசியை நிலா என்று அறிவித்து ஊர் சிரித்தது போதும். ஞாயிறு குலசேகரனிடம் கேட்டுக்கொண்டு மேலே எழுதுகிறேன்.”

பக்கத்தைத் திருப்பினார்.

“இரண்டு தரம் கேட்டேன். ஒன்றுமில்லை என்றான். மழைக்கு முன்னால் வானத்தில் அந்தப் பக்கத்தையெல்லாம் அலசி எடுத்தவன் அவன். அவன் கண்ணுக்குத் தப்பியது எதுவும் இருக்காது. ஆக, இதுவும் தூசிதான். வெட்கமாக இருந்தது. அவனிடம் சொல்லவில்லை. எனக்கு இந்த வேலை சரிப்படாது.”

அதற்குப் பிறகு நோட்டு வெள்ளையாக இருந்தது.

இரண்டு தரம் கேட்டது குலசேகரனுக்கு ஞாபகம் இருக்கிறது. லைன் சரியில்லை, காதில் விழவில்லை என்றுதான் அன்று நினைத்தார். அதனால் இரண்டாம் முறை உரக்கவே சொன்னார்.

அடுத்த மாதம் மாசிலாமணி வேலையை விட்டுவிட்டுத் திண்டுக்கல்லில் மாமனாரின் பூட்டுக் கடையில் போய் உட்கார்ந்துகொண்டான். மாமனார் சொத்துக்கு ஆசைப்பட்டுப் போய்விட்டான் என்று நாலு பேரிடம் கேலி பேசியது வேறு யாருமில்லை, குலசேகரனேதான். இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவன் செத்தபோது நேரில் போய் மாலை போட்டார். பெரிய மாலை. அன்றைக்கு அவன் மகன் சொன்னான்: “அப்பா மொட்டை மாடிக்கே வரமாட்டார், அங்கிள். வானத்தைப் பார்த்தா தலை சுத்துதும்பார்.”

குலசேகரன் நோட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வந்தார். அந்த அம்மாளின் மேஜையில் விரித்து வைத்தார்.

“இதுல என்ன இருக்குன்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா, மேடம்?”

“அவர் என்ன எழுதினார்னு தெரியாது. நீங்க அந்தப் பக்கம் திரும்பவே மாட்டேங்கறீங்கன்னு தெரியும்.”

அற்புதமேரி கண்ணாடியை மாட்டிக்கொண்டார். மூன்று அளவுகளையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதினார். கணக்குப் போட ஆரம்பித்தார். சாப்பாட்டு வேளை போயிற்று. ஜன்னல் வெயில் தரையிலிருந்து சுவருக்கு ஏறியது. குலசேகரன் கேரியரைத் திறக்காமல் எதிரே உட்கார்ந்திருந்தார். அவ்வப்போது மூக்கை உறிஞ்சினார்.

நாலு மணிக்கு அந்த அம்மாள் பேனாவை மூடினார்.

“கிடைச்சிடுமா, மேடம்?”

அற்புதமேரி அவரையே பார்த்தார்.

“நிலா வேணா கிடைச்சிடும், சார்.”