ஒரு பையன் குறைகிறான்

தென்கடலோர மாவட்டம் ஒன்றில் இருக்கும் கூர்நோக்கு இல்லத்தில் நடந்தது இது. பதினெட்டு வயது நிரம்பாத பையன்களை வழக்கு முடியும்வரை அங்கே வைத்திருப்பார்கள். வெளியே பெயர்ப்பலகையில் இல்லம் என்றிருந்தாலும் உள்ளே இருப்பவர்களுக்கு அது ஜெயில்தான். நாற்பத்திரண்டு பேருக்கு இரண்டே கூடங்கள். மாலை ஆறு மணிக்குப் பூட்டினால் காலை ஆறுக்குத்தான் திறப்பார்கள். அதுவரை அவசரத்துக்கு மூலையில் ஒரு பிளாஸ்டிக் வாளி.

இசக்கிராஜாவுக்குப் பதினான்கு வயது. செல்போன் திருடிய வழக்கில் வந்தவன். அம்மா உப்பளத்தில் வேலை பார்க்கிறாள். ஞாயிறு தவறாமல் இரண்டு பஸ் மாறி அவனைப் பார்க்க வருவாள். ஒரு செவ்வாய்க்கிழமை இரவு அவனுக்கு வயிற்றுப்போக்கு. வாளி நிறைந்துவிட்டது. கதவைத் தட்டித் தட்டிக் கூப்பிட்டான், யாரும் வரவில்லை. காலையில் கதவைத் திறந்த காவலர் பேச்சிமுத்து, சத்தம் போட்டதற்காக லத்தியால் அடித்தார். தடுக்கத் தூக்கிய இடது கையில் அடி விழுந்தது. மத்தியானத்துக்குள் மணிக்கட்டு வீங்கிவிட்டது.

ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகவில்லை. போனால் டாக்டர் காரணம் கேட்பார்.

அவனுக்குச் சோறு பிசைந்து ஊட்டியவன் தமீம். வயது பதினேழு. ஒரு அடிதடி வழக்கில் உள்ளே வந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. அன்று இசக்கி அவனிடம் சத்தியம் கேட்டான்.

“யார்ட்டயும் சொல்லிராதீங்கண்ணே. சொன்னா எங்கம்மாவ உள்ள விட மாட்டேன்னு சொல்லிட்டாரு.”

“சொல்லமாட்டம்ல. சாப்பிடு.”

“சத்தியமா?”

“சத்தியமா.”

வெள்ளிக்கிழமை காலை பதினொரு மணிக்கு, முன்னறிவிப்பு எதுவும் இல்லாமல், பையன்களின் வழக்குகளை விசாரிக்கும் இளைஞர் நீதிக் குழுமத்தின் பெண் நடுவர் ஆய்வுக்கு வந்து இறங்கினார். வாசலில் ஜீப் நின்றதும், பேச்சிமுத்து இசக்கியை இழுத்துக்கொண்டுபோய் சமையலறையை ஒட்டி அரிசி மூட்டைகள் அடுக்கிய சரக்கறையில் தள்ளிப் பூட்டினார். இல்லத்தின் கண்காணிப்பாளர் தமீமைத் தனியே கூப்பிட்டார். “ஒன் விடுதலை மனு மேடம் பைல்லதான் இருக்கு. நடத்தை அறிக்கை நான் எழுதணும். ஞாபகம் வச்சுக்கோ.” அவ்வளவுதான் சொன்னார்.

நடுவர் வரிசையில் நின்ற பையன்களை எண்ணினார். நாற்பத்தொன்று.

“ஒரு பையன் குறையுறானே?”

“வயித்துவலி மேடம். ஆஸ்பத்திரிக்கு அனுப்பியிருக்கோம்” என்றார் கண்காணிப்பாளர்.

“ஏதாவது குறை இருக்கா?” என்று நடுவர் பையன்களிடம் கேட்டார். “இல்ல மேடம்” என்று நாற்பத்தொரு பேரும் ஒரே குரலில் சொன்னார்கள். தமீமும் சொன்னான்.

பிறகு அவர் சமையலறைக்கு வந்தார். சமையல்காரி செல்லக்கனி ஒப்பந்த ஊழியர். வேண்டாம் என்றால் மறுநாளே வீட்டுக்கு அனுப்பிவிடலாம். அன்று காய் நறுக்கும் முறை தமீமுக்கு. குழம்பை ருசி பார்த்துவிட்டு நடுவர் திரும்பியபோது செல்லக்கனி வாயைத் திறந்தாள்.

“அரிசியையும் பாத்துட்டுப் போங்கம்மா. புழு இருக்குன்னு நாளைக்கு என் தலையில யாரும் போட்டுரக் கூடாது.”

கண்காணிப்பாளர் “அதெல்லாம் எதுக்கு” என்று சொல்லி முடிப்பதற்குள் இடுப்பிலிருந்த சரக்கறைச் சாவியை எடுத்துப் பூட்டைத் திறந்துவிட்டாள்.

மூட்டைகளுக்கு நடுவே இசக்கி உட்கார்ந்திருந்தான். கையில் துண்டு சுற்றியிருந்தது.

“கையில என்னப்பா?” என்றார் நடுவர்.

அவருக்குப் பின்னால் நிலைப்படியில் பேச்சிமுத்து நின்றுகொண்டிருந்தார். இசக்கி அவரைப் பார்த்தான்.

“பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டேன் மேடம்.”

நடுவர் செல்லக்கனியிடம் திரும்பினார். “உங்களுக்கு ஏதாவது தெரியுமா?”

“நான் சமையல்தாம்மா பாக்கேன். வேற ஒண்ணும் தெரியாது.”

அடுத்து அவர் பார்வை தமீம்மேல் விழுந்தது. “நீ சொல்லு. இவன் விழுந்தானா?”

தமீமின் கையில் பாதி நறுக்கிய கத்தரிக்காய். இசக்கி அவனையே பார்த்துக்கொண்டிருந்தான். வேண்டாம் என்று தலையை லேசாக ஆட்டினான். கண்காணிப்பாளர் தொண்டையைச் செருமினார்.

“விழல மேடம். அடிச்சாங்க.”

“யாரு?”

தமீம் நிலைப்படியைக் காட்டினான்.

“அண்ணே!” என்று அலறினான் இசக்கி.

அதன்பின் நடந்தவை வேகமாக நடந்தன. எக்ஸ்ரேயில் எலும்பு முறிந்திருந்தது தெரிந்து மாவுக்கட்டுப் போட்டார்கள். இன்னும் பத்து நாள் விட்டிருந்தால் கை கோணலாகவே கூடியிருக்கும் என்றார் டாக்டர். பேச்சிமுத்து இடைநீக்கம் செய்யப்பட்டார். பாதுகாப்புக்காக என்று சொல்லி இசக்கியை நான்கு மாவட்டம் தள்ளி வேறொரு இல்லத்துக்கு மாற்றினார்கள். அவன் அம்மாவால் மாதம் ஒருமுறை போவதே பெரும்பாடானது. சாட்சி சொல்ல வேண்டியிருந்ததால் தமீமின் விடுதலை ஒன்றரை மாதம் தள்ளிப்போனது. செல்லக்கனியின் ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை.

அம்மாவின் முகம் பார்க்க வேண்டி இசக்கி பொய் சொன்னான். கொடுத்த சத்தியத்தைத் தமீம் மீறினான். செல்லக்கனி கதவைத் திறந்துவிட்டு வாயை மூடிக்கொண்டாள். இம்மூவரில் யார் செய்தது சரி?

தமீம் செய்ததே சரி என்பது என் கருத்து. இசக்கி கேட்ட சத்தியம் அவனுடையதல்ல. பேச்சிமுத்து அவன் வாய்வழியாக வாங்கிக்கொண்டது. அதைக் காப்பாற்றியிருந்தால் தப்பித்திருப்பது இசக்கி அல்ல, பேச்சிமுத்துதான். அதற்காக இசக்கியின் பொய்யைக் குற்றம் என்று சொல்ல மாட்டேன். செல்லக்கனி இல்லாவிட்டால் எதுவுமே வெளியே வந்திருக்காது. ஆனாலும் மிச்சப் பாரத்தைப் பதினேழு வயதுப் பையன் தலையில் இறக்கிவிட்டாள். நீங்கள் கவனித்திருப்பீர்கள், தவறு நான்காவது ஆளிடமும் இருக்கிறது. அடித்தவரை நிலைப்படியில் நிற்கவைத்துக்கொண்டே அடிபட்டவனிடம் கேள்வி கேட்டார் நடுவர். கேட்பதற்கு முன் எல்லாரையும் வெளியே அனுப்பியிருந்தால் ஒருவன் பொய் சொல்லவும் இன்னொருவன் சத்தியத்தை மீறவும் வேண்டியிருந்திருக்காது. விடுதலையான அன்று, அந்த இல்லத்தில் பாடம் நடத்தப் போய்வந்த நான், நீ செய்தது சரிதான் என்று தமீமிடம் சொன்னேன். “இருக்கலாம் சார்” என்றான். “ரெண்டு லெட்டர் போட்டேன். அவன் பதில் போடல.”