செம்பஞ்சு முகிலைக் காணோம்

முருங்கைக்கீரை உருவ உட்கார்ந்தால் கைக்குத்தான் வேலை, வாய்க்கு இல்லை. அதனால், உள்ளே அத்தை பக்கத்தில் தூங்குகிற என் பையன் முழிப்பதற்குள், கூழாங்கல்லூர்க்காரர்கள் முகில் அள்ளப் போன கதையைச் சொல்கிறேன். எனக்குத் தெரிந்த மாதிரிதான் சொல்வேன், தப்பிருந்தால் சிரித்துவிட்டு விட்டுவிடுங்கள்.

வானத்தின் ஒரு மூலையில் கூழாங்கல்லூர் என்று ஒரு குட்டி உலகம். காலையில் கிளம்பிச் சுற்றி நடந்தால் மதியச் சோற்றுக்குக் கிளம்பின வீட்டுக்கே வந்துவிடலாம். சூரியனும் அதற்குத் தகுந்த மாதிரி சிறிசு, ஒரு மாட்டுவண்டி அளவுதான். குன்று உச்சியில் ஏணி போட்டு ஏறினால் தொட்டுவிடலாம். சுடும் என்பதால் யாரும் தொடுவதில்லை.

அந்தச் சூரியன் ஒரு மாதமாக மங்கிக்கொண்டே வந்தது. பேச்சிக்குப் பிள்ளை பிறந்து பதினோரு நாள். துவைத்துப் போட்ட துணி ஒன்றுகூடக் காயவில்லை. பிள்ளை ஈரத்தில் கிடந்து நடுங்கியது.

பேச்சிதான் ஓடிப்போய் சூரியன் மெக்கானிக் மரியதாசைக் கூட்டி வந்தாள். அவர் ஏணியில் ஏறி, சூரியனைத் தட்டிப் பார்த்துவிட்டு இறங்கினார்.

"ரிப்பேர் ஒண்ணும் இல்லம்மா. பசி. மூணு நாளைக்குள்ள இரை போடலைன்னா அணைஞ்சிரும்."

"என்ன இரை அண்ணாச்சி?"

அவர் வானத்தைக் காட்டினார். அங்கே செம்பஞ்சு முகில் கிடந்தது. நடுவில் சிவப்பு, ஓரத்தில் நீலம், மெத்தை கிழிந்து பஞ்சு பரவின மாதிரி. சூரியன்கள் பிறப்பதே அதற்குள்தான். தூசியும் ஆவியும் திரண்டு திரண்டு, சூடேறி, ஒருநாள் குப்பென்று பற்றிக்கொள்ளும். கூழாங்கல்லூர்ப் பெண்கள் அதைத் தாய்முகில் என்பார்கள். அதைக் கும்பிட்டுவிட்டுத்தான் அடுப்பே பற்றவைப்பார்கள்.

"அதுல ஒரு அண்டா அள்ளி மூடி போட்டுருங்க. சூரியன் முன்னாடி வந்துதான் திறக்கணும். உள்ள இருக்கிறதை ஒரு துளி விடாமக் கொட்டிரணும்" என்றார். அடுத்த ஊரில் ஒரு சூரியன் புகைகிறதாம், உடனே கிளம்பிவிட்டார்.

ஊர்த்தலைவர் கொம்பையா, பேச்சியின் புருஷன் சடையன், எதையும் நம்பாத மாசானம், இந்த மூன்று பேரும் வான்தோணியில் அண்டாவோடு புறப்பட்டார்கள்.

கிட்டே போகப் போக முகில் வெளுத்தது. இன்னும் போனார்கள். ஒன்றுமே இல்லை.

"எங்கலே முகிலு?"

"இங்கதான் இருந்துச்சு தலைவரே. நாம வர்றது தெரிஞ்சு ஓடிருச்சு."

"நம்ம மேல என்ன கோவம்?"

"அண்டாவைப் பார்த்திருக்கும். நானா இருந்தாலும் ஓடியிருப்பேன்" என்றான் சடையன்.

உண்மையில் அவர்கள் முகிலுக்கு நட்டநடுவில்தான் நின்றார்கள். பனிமூட்டம் தூரத்தில் சுவர் மாதிரி தெரியும், உள்ளே போனால் ஒன்றும் இருக்காது இல்லையா, அது மாதிரிதான். ஊர் அகலத்துக்கு வாரிக் கட்டினாலும் ஒரு கடுகு கனம் வராது.

ஏமாந்து திரும்பினார்கள். பாதி வழியில் மாசானம் திரும்பிப் பார்த்தால், அதே இடத்தில் பளபளவென்று முகில்! மறுபடி போனார்கள், மறுபடி காணோம். இப்படியே ஒரு நாள் போய்விட்டது. கடைசியில் மாசானத்தை வெளியே ஒரு பாறையில் இறக்கிவிட்டு மற்ற இருவரும் போனார்கள்.

"தலைவரே, உள்ளதான் நிக்கிய! மூக்கு வரைக்கும் முங்கியாச்சு!" என்று மாசானம் கத்தினான்.

"பொய் சொல்லாதலே! இங்க ஒரு மண்ணும் இல்லை!"

யார் சொல்வது நிஜம் என்று பார்க்க இருவரும் பாறைக்கே வந்தார்கள். மூன்று பேரும் சேர்ந்து பார்த்தார்கள். கொம்பையா கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடி பார்த்தார்.

"முகில் இருக்குலே. உள்ள யாரையும் காணோம்."

"உள்ள இருந்தது நாமதானே?"

"அதைத்தான் சொல்லுதேன். நாம போயிட்டோம்."

சடையன் தலையில் அடித்துக்கொண்டு அழுதான். "ஐயோ, பச்சப்பிள்ளையை விட்டுட்டுப் போயிட்டேனே! பேச்சிகிட்ட நான் என்னன்னு சொல்லுவேன்!"

மூன்று பேரும் தங்களைத் தேடிக்கொண்டு உள்ளே ஓடினார்கள். ரொம்ப நேரம் தேடவில்லை. அங்கேயே இருந்தார்கள். கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதார்கள்.

மாசானம் கண்ணைத் துடைத்துவிட்டு யோசித்தான். "தலைவரே, நாம தொலைஞ்சது முகில்ல. கிடைச்சது இங்க. அப்ப இதுதான் முகில்!"

அண்டாவால் அள்ளினார்கள். எட்டிப் பார்த்தால் வெறும் அண்டா.

"நிறைஞ்சுதா இல்லையான்னு எப்படித் தெரியும்?"

"மூடி போட்ட பிறகு உள்ள இருந்து ஒருத்தன் பார்த்தாத் தெரியும்."

சடையன் ஏறி உட்கார்ந்தான். மூடினார்கள்.

"என்னலே தெரியுது?"

"ஒரே இருட்டா இருக்கு!"

"இடமே இல்லாம நிறைஞ்சிருச்சு" என்றார் கொம்பையா. சூரியன் முன்னால்தானே திறக்க வேண்டும்? அப்படியே ஊருக்குக் கொண்டுவந்தார்கள்.

சூரியன் அணைகிற அடுப்புக் கங்கு மாதிரி இருந்தது. பேச்சி பிள்ளையோடு குன்றில் காத்திருந்தாள். ஏணியில் ஏறி, மூடியைத் திறந்து, அண்டாவைக் கவிழ்த்தார்கள். சடையன் விளிம்பைப் பிடித்துக்கொண்டு தொங்கினான்.

"கையை விடுலே! ஒரு துளி மிச்சம் வைக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்காரு!"

"நான் முகில் இல்ல தலைவரே, சடையன்!"

"இதை அங்கேயே சொல்லியிருக்கணும்!"

பேச்சி ஏறிப்போய், பிள்ளையை மாசானம் கையில் திணித்துவிட்டு, புருஷனின் குடுமியைப் பிடித்து இழுத்துப் போட்டாள். அதே நேரம் சூரியன் குப்பென்று பற்றிக்கொண்டது. ஊரெல்லாம் வெளிச்சம். கொடியில் கிடந்த துணியில் ஆவி பறந்தது. பேச்சிக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

கொம்பையா பெருமையாக வானத்தைப் பார்த்தார். முகம் மாறியது. அவ்வளவு வெளிச்சத்தில் செம்பஞ்சு கண்ணுக்குத் தெரியவில்லை.

"தாய்முகிலைக் காணோம்லே! ஒரு அண்டாதானே அள்ளினோம்?"

"பெரிய அண்டா தலைவரே" என்றான் மாசானம்.

ஊரே கூடிவிட்டது. தாய்முகில் இல்லையென்றால் இனி எந்த உலகத்துக்குச் சூரியன் பிறக்கும்? தின்றதைச் சூரியன் கக்கட்டும் என்றார் கொம்பையா. பேச்சி துணியை மார்போடு அணைத்துக்கொண்டு கத்தக் கத்த, முப்பது குடம் தண்ணீர் ஏணியில் ஏறியது. உஸ்ஸென்று ஒரு சத்தம், அப்புறம் கும்மிருட்டு. உச்சியில் செம்பஞ்சு முகில் செக்கச்செவேல் என்று தெரிந்தது.

"இருக்கு! இருக்கு!" என்று ஊரே கை தட்டியது.

"சரி, சூரியன்?" என்றாள் பேச்சி.

"அதுக்கு என்ன தாயி கவலை? இரைதான் அங்க பத்திரமா இருக்கே! சடையா, அண்டாவுக்குள்ள ஏறு."

சடையன் ஒரு காலைத் தூக்கி உள்ளே வைத்தான். பேச்சி கீழே கிடந்த மூடியை இரண்டு கையாலும் எடுத்து, முதலில் கொம்பையாவின் மண்டை எங்கே என்று பார்த்து, ஓங்கி… இந்தா வந்துட்டேன் அத்தை, அழவிடாதீங்க, அவனை அப்படியே தூக்கித் தோள்ல போடுங்க. மிச்சக் கதை நாளைக்கு.