செர்ரி மரத்தடியில் பூக் கேட்டவர்

மரகதவல்லி டீச்சருக்கு வயது ஐம்பத்திரண்டு. அவருடைய சீடர் சடையப்பனுக்கு அறுபத்தாறு. குருவைவிடச் சீடர் மூத்தவராக இருப்பதில் ஒரு சௌகரியம் உண்டு. யார் காலில் யார் விழுவது என்று தெரியாமல் இருவருமே விழுவதில்லை. கும்பிடோடு முடிந்துவிடும்.

டீச்சர் ஒரு காலத்தில் நிஜமாகவே டீச்சர்தான். ஊத்துக்குளியில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக் கொடுத்தவர். வேலையை விட்டுவிட்டு ஒரு தியானக்கூடம் வைத்தார். எல்லாம் மாறியது. டீச்சர் என்று கூப்பிடுவது மட்டும் மாறவில்லை.

சடையப்பன் திருப்பூரில் சாயப்பட்டறை நடத்தியவர். பட்டறையை விற்ற பிறகு அவருக்குத் தூக்கம் வரவில்லை. தூக்கத்தைத் தேடித் தியானக்கூடத்துக்கு வந்தார். தூக்கம் வந்தது. கூடவே மகள் நினைப்பும் வந்தது.

மகள் மேகலை ஜப்பானில் வேலை பார்க்கிறாள். கூட வேலை பார்த்த தாராபுரத்துப் பையனைக் கட்டிக்கொள்கிறேன் என்றாள். சாதி வேறு. சடையப்பன் தன் வாயால் வேண்டாம் என்று சொல்லவில்லை. சாமியிடம் பூக் கேட்டார்.

குலதெய்வத்தின் முன்னால் வெள்ளை அரளியை ஒரு பொட்டலமாகவும் செவ்வரளியை ஒரு பொட்டலமாகவும் மடித்துப் போட்டு, கண்ணை மூடி ஒன்றை எடுப்பது அந்தப் பக்கத்து வழக்கம். வெள்ளை வந்தால் உத்தரவு. சிவப்பு வந்தால் வேண்டாம். அன்றைக்குச் சிவப்பு வந்தது.

"சாமியே ஒத்துக்கல. நான் என்ன பண்றது?" என்று போனில் சொல்லிவிட்டார்.

மேகலை அவர் இல்லாமலே கல்யாணம் செய்துகொண்டாள். ஐந்து வருஷமாகப் பேச்சில்லை. பேரன் பிறந்ததுகூட மனைவி பாவாயி சொல்லித்தான் தெரியும். பாவாயி சொன்னபோது அவர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அதற்கப்புறமும் அதே பக்கத்தைத்தான் வெகுநேரம் படித்தார்.

இந்த வருஷம் தியானக்கூடத்துப் பெண்கள் எல்லாரும் சேர்ந்து, ஜப்பானில் செர்ரிப் பூ பூக்கிறதாம், போய்ப் பார்த்துவிட்டு வரலாம் என்று கிளம்பினார்கள். முதல் ஆளாகப் பெயர் கொடுத்தவர் சடையப்பன். பூவில் இவருக்கு எப்போதிலிருந்து இத்தனை ஆசை என்று யாரும் கேட்கவில்லை. எல்லாருக்கும் தெரியும்.

கிளம்புவதற்கு முன்னால் டீச்சரிடம் வந்தார்.

"அங்க போனா மகளைப் பார்க்கறதா வேண்டாமான்னு ஒண்ணும் புரியலீங்க டீச்சர். நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும்."

டீச்சர் பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டிருந்தார்.

"பூவைப் பார்க்கத்தானுங்க போறோம்? போய்ப் பூவைப் பாருங்க" என்றார்.

வேறு யாராவதாக இருந்திருந்தால் இதை ஒரு தட்டிக்கழிப்பு என்று எடுத்துக்கொண்டிருப்பார்கள். சடையப்பன் கொங்கு நாட்டுக்காரர். உத்தரவு கேட்கப் போன இடத்தில் பூவைப் பார் என்றால் அவருக்கு அதில் ஒரே அர்த்தம்தான். நிம்மதியாக வீட்டுக்குப் போனார்.

டோக்கியோவிலிருந்து பஸ் கிளம்பியது. ஒரே நாளில் போய்விட்டுத் திரும்புகிற பயணம். மறுநாள் ஊருக்கு விமானம். ஆகவே எது செய்வதானாலும் இன்றைக்குத்தான்.

வழிகாட்டியாக வந்தவள் யூகா என்கிற ஜப்பான்காரப் பெண். மதுரையில் தமிழ் படித்தவள். மதுரைத் தமிழ் அவள் நாக்கில் ஒட்டவில்லை. புத்தகத் தமிழ்தான் ஒட்டியிருந்தது.

"பெரியோர்களே, மரங்கள் நமக்காகக் காத்திருக்கின்றன. கிளையைப் பற்றி இழுக்கலாகாது. மரத்தை உலுக்கலாகாது. தானாக உதிரும் இதழைக் கையில் ஏந்தலாம். திரும்பும் வழியில் பேருந்து ஒரு ரயில் நிலையத்தில் நிற்கும். உறவினரைக் காண விரும்புவோர் அங்கே இறங்கிக்கொள்ளலாம்."

உறவினர் என்ற சொல்லில் சடையப்பன் மடியிலிருந்த பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். பைக்குள் ஒரு பொட்டலம் இருந்தது. பாவாயி சுட்டுக் கொடுத்த கச்சாயம். முழங்கால் வலியால் அவளால் வர முடியவில்லை. யாருக்கு என்றும் அவள் சொல்லவில்லை. "பைக்குள்ள மேலாப்புல வச்சிருக்கறன், நசுங்காமப் பாத்துக்கோங்க" என்று மட்டும் சொன்னாள். சடையப்பனுக்கு இனிப்பு ஆகாது. மேகலைக்குக் கச்சாயம் என்றால் உயிர்.

அந்த ரயில் நிலையத்திலிருந்து மகள் வீட்டுக்கு ஒரே ரயில். அதையும் பாவாயி யாரிடமோ சொல்வதுபோலச் சொல்லி வைத்திருந்தாள். "மேகலை இன்னிக்கு லீவு போட்டு வீட்லதான் இருக்கறா" என்று காலையில் போனில் சொன்னதும் அப்படித்தான்.

பக்கத்து இருக்கையில் டீச்சர். கொஞ்ச தூரம் போனதும் பேச்சுக் கொடுத்தார்.

"ஏனுங்க, பட்டறையில வியாபாரி வந்து உக்கார்ந்தா, இவன் சரக்கு எடுப்பான், இவன் எடுக்க மாட்டான்னு உங்களுக்கு முன்னாலயே தெரியுமுங்களா?"

தொழில் பேச்சு என்றதும் சடையப்பன் முகம் தெளிந்தது.

"அது ஒரு வித்தையே இல்லீங்க டீச்சர். எடுக்க மனசில்லாதவன் ஒரே ஒரு பீஸ் பார்ப்பான். கலர் சரியில்லம்பான். எந்திரிச்சுப் போயிருவான்."

"எடுக்கறவன்?"

"அவன் போகவே மாட்டானுங்க. இதுல கறை இருக்குது, அது வெளுத்திருக்குதுன்னு நொட்டை சொல்லிட்டே இருப்பான். ஆனா இன்னொரு பீஸ் காட்டு, இன்னொரு பீஸ் காட்டுன்னு உக்கார்ந்திருப்பான். அப்படி ஒருத்தனைப் பார்த்தா நான் விலையே பேச மாட்டனுங்க. பையனைக் கூப்பிட்டு அவனுக்கு ஒரு டீ சொல்லிருவேன். அவ்வளவுதான், வியாபாரம் முடிஞ்ச மாதிரி."

டீச்சர் சிரித்தார். சடையப்பனும் சிரித்தார். அதற்குள் ஆற்றங்கரை வந்துவிட்டது.

கரை நெடுக மரங்கள். இலை ஒன்றுகூட இல்லை, முழுக்கப் பூ. பெண்கள் வாயடைத்துப் போய் நின்றார்கள். பிறகு வாய் திறந்தது. யார் யாரோடு நின்று போட்டோ எடுப்பது என்று ஒரு சின்னச் சண்டை வந்து ஓய்ந்தது. அப்புறம் ஜமுக்காளத்தை விரித்துப் புளிசாதப் பொட்டலத்தைப் பிரித்தார்கள்.

சடையப்பன் சாப்பிட வரவில்லை. ஒதுக்குப்புறமாக ஒரு மரத்தடியில் போய் நின்றார். செருப்பைக் கழற்றினார். கிழக்கு எது என்று தெரியவில்லை. தோராயமாக ஒரு பக்கம் திரும்பிக்கொண்டு கண்ணை மூடினார்.

"ஆத்தா, தூர தேசம்னு பார்க்காதே. நான் என் மகளைப் பார்க்கப் போலாம்னா வெள்ளையைக் குடு. வேண்டாம்னா சிவப்பைக் குடு."

கையை நீட்டினார். காற்று அசைந்தது. ஓர் இதழ் வந்து உள்ளங்கையில் உட்கார்ந்தது.

கண்ணைத் திறந்து பார்த்தார். வெள்ளை என்றுதான் முதலில் தோன்றியது. சூரிய வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். அடியில் லேசாக ஒரு சாயம் ஏறியிருந்தது. நாற்பது வருஷம் துணியில் கலர் பார்த்த கண்ணுக்கு அது தப்புமா? இதை வெள்ளை என்று எந்த வியாபாரியிடமும் கொடுக்க முடியாது. அதற்காகச் சிவப்பு என்றும் சொல்ல முடியாது.

அந்தப் பக்கமாக யூகா வந்தாள்.

"அம்மிணி, இது என்ன கலருங்க?"

யூகா குனிந்து பார்த்தாள். "இளஞ்சிவப்பு, ஐயா."

ரோஸ் என்று அவள் சொல்லியிருந்தால் ஒன்றுமில்லை. ஊரில் எல்லாரும் அதை ரோஸ் என்றுதான் சொல்வார்கள். அவள் படித்த புத்தகத்தில் இளஞ்சிவப்பு என்று இருந்தது. சடையப்பன் காதில் அந்தச் சொல்லின் பின்பாதிதான் விழுந்தது.

"சிவப்புங்களா?"

"ஆம் ஐயா. இளமையான சிவப்பு."

அவள் கும்பிட்டுவிட்டுப் போய்விட்டாள். சடையப்பன் இதழையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு, கையை நீட்டியபோது காற்று அடித்தது, அது தானாக விழவில்லை, காற்றுதான் தள்ளியது, ஆகவே செல்லாது என்று ஒரு முடிவுக்கு வந்தார். இதழைக் கீழே விட்டார். மறுபடியும் கையை நீட்டினார்.

அடுத்தது உள்ளங்கையில் விழவில்லை, விரலில் விழுந்தது. விரல் கணக்கில் சேராது. அதற்கடுத்தது ஓரம் கிழிந்திருந்தது. கிழிந்த பூவில் சாமி வாக்குச் சொல்லுமா? இன்னொன்று நல்ல இதழ்தான், ஆனால் நிறம் தூக்கலாக இருந்தது. அதை அவசரமாக உதறிவிட்டு மரம் மாறினார். இந்த மரம் கொஞ்சம் வெளுப்பாகத் தெரிந்தது.

பெண்கள் சாப்பிட்டுக் கை கழுவினார்கள். சடையப்பன் கையை நீட்டியபடி நின்றார். தலையிலும் தோளிலும் ஏகப்பட்ட பூ. அவற்றை அவர் பார்க்கவில்லை. கையில் விழுவது மட்டும்தான் கணக்கு.

டீச்சர் வந்தார். கையில் பிளாஸ்க் இருந்தது. கொஞ்ச நேரம் சும்மா நின்று பார்த்தார்.

"பூக் கேக்கறீங்களா?"

"நீங்கதானுங்க பூவைப் பாருன்னு சொன்னீங்க."

"சொன்னேன். எத்தனை ஆச்சுங்க?"

"எண்ணலீங்க டீச்சர். ஒண்ணும் தெளிவா வர மாட்டேங்குது. வெளிச்சத்துல ஒண்ணு சொல்லுது, நிழல்ல ஒண்ணு சொல்லுது. நீங்களே சொல்லுங்க. இது வெள்ளையா, சிவப்பா?"

அவர் நீட்டிய இதழை டீச்சர் பார்க்கவில்லை. அவர் முகத்தைப் பார்த்தார்.

"அன்னைக்குக் கோயில்ல எத்தனை பொட்டலம் எடுத்தீங்க?"

"ஒண்ணுதானுங்க. எடுத்ததுமே சிவப்பு வந்துருச்சு."

"அப்புறம்?"

"அப்புறம் என்னங்க? எந்திரிச்சு வந்துட்டனுங்க."

டீச்சர் பிளாஸ்க்கைத் திறந்தார். மூடியில் டீயை ஊற்றி அவரிடம் நீட்டினார். சடையப்பன் ஒரு கையில் இதழும் ஒரு கையில் டீயுமாக நின்றார். டீயைக் குடிக்க வேண்டுமானால் இதழை விட வேண்டும். விட்டார். குடித்தார். சர்க்கரை போடாத டீ.

யூகா கொடியை ஆட்டினாள். "பெரியோர்களே, நேரமாகிறது."

பஸ்ஸில் பெண்கள் போட்டோக்களைக் காட்டிக் காட்டிச் சிரித்தார்கள். சடையப்பனின் சட்டை மடிப்பிலிருந்து அவ்வப்போது ஓர் இதழ் விழுந்தது. குனிந்து எடுத்துப் பார்ப்பார். வெளியே மழை மூட்டம். எந்த இதழும் எந்த நிறமாகவும் இல்லை.

ரயில் நிலையம் வந்தது. பஸ் நின்றது. கதவு திறந்தது.

"உறவினரைக் காண விரும்புவோர் இறங்கலாம்" என்றாள் யூகா.

யாரும் எழவில்லை. சடையப்பன் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மகள் கதவைத் திறந்து, இப்போது மட்டும் சாமி ஒத்துக்கொண்டதா என்று கேட்டால் என்ன செய்வது என்ற பயம்தான். அந்தப் பயத்தோடேயே டீச்சர் பக்கம் திரும்பினார்.

"நானும் காலையில இருந்து கேட்டுட்டே இருக்கறனுங்க. பூவும் சொல்லல. நீங்களும் ஒண்ணும் சொல்லலீங்களே டீச்சர்."

"நான்தான் உங்களுக்கு அப்பவே டீ கொடுத்துட்டேனுங்களே."

யூகா கதவை மூடப் போனாள். சடையப்பன் எழுந்து, பை நசுங்காமல் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு இறங்கினார்.