பொறுத்தவரை மூடிய புற்று

கருமலைக் காட்டில் ஆந்தைகள் நடத்தும் பல்கலைக் குகை ஒன்று இருந்தது. அதன் வாசலில் கீரி செங்காந்தாளும் முள்ளம்பன்றி மாசாணமும் காத்துக் கிடந்தார்கள்.

இருவரும் அக்கரைக் காட்டில் விஷக்கடி வைத்தியம் படித்தவர்கள். தாமரைக் குளத்துக்கு வைத்தியர்கள் தேவைப்பட்டார்கள். "அந்தப் படிப்பு நம் படிப்புக்குச் சமம்" என்று ஆந்தைகள் ஒரு வார்த்தை சொன்னால் போதும், வேலை கிடைத்துவிடும். முதல் மழைக்குள் சொல்லாவிட்டால் அந்த வேலை கைநழுவிப் போகும்.

"ஐயா, எங்க காரியம் என்னாச்சு?" என்று செங்காந்தாள் தினமும் கேட்பாள்.

"பரிசீலனையில் இருக்கிறது!" என்று இருட்டிலிருந்து குரல் வரும். ஒரு கண்கூடத் திறக்காது.

அந்தச் சொல்லைக் கேட்கும்போதெல்லாம் காலடி மண் சில்லிட்டது. ஒருநாள் செங்காந்தாள் குனிந்து பார்த்தாள். கணுக்கால்வரை ஈரமண் ஏறியிருந்தது. அதற்குள் கரையான்கள் ஊர்ந்தன. சுற்றிலும் எத்தனையோ புற்றுகள். எல்லாமே குகை வாசலைப் பார்த்து உட்கார்ந்திருந்தன!

காலை உதறிக்கொண்டு எழுந்தாள். "அண்ணே, எந்திரிங்க! யானையார்கிட்டப் போய் முறையிடுவோம்!"

"ஐயோ, வேணாம் தங்கச்சி! ஆத்துல இருந்துக்கிட்டு முதலையைப் பகைக்கலாமா? பொறுத்தார் பூமி ஆள்வார்!" என்றார் மாசாணம். இடுப்புவரை மண் ஏறிவிட்டதை அவர் கவனிக்கவே இல்லை.

அவள் மட்டும் ஓடினாள். காட்டுக்கு நீதி சொல்லும் யானையின் காலில் விழுந்தாள். "என் படிப்பு சமம்தான்னு நீங்களே தீர்ப்புச் சொல்லுங்க ஐயா!"

"அது முடியாதம்மா. படிப்பை எடைபோடுவது ஆந்தைகளின் வேலை. ஆனால் எடைபோடாமல் தூங்குவதற்கு அவர்களுக்கு உரிமை கிடையாது!" யானை பிளிறியது. "பௌர்ணமிக்குள் உனக்கு ஆம் என்றோ இல்லை என்றோ சொல்ல வேண்டும். இல்லை என்று சொன்னால் காரணமும் சொல்ல வேண்டும். இது என் ஆணை!"

பருந்து பறந்துபோய் ஆணையைச் சொன்னது. குகைக்குள் அத்தனை கண்களும் ஒரே நேரத்தில் திறந்தன. ஆந்தைகள் செங்காந்தாளைக் கூப்பிட்டு மூலிகை, விஷமுறிவு எல்லாம் கேட்டன. அவள் தடுமாறாமல் பதில் சொன்னாள். இத்தனை நாள் இழுத்த காரியம் ஒரு பொழுதுக்குள் முடிந்துவிட்டது.

"சமம்தான்" என்றது தலைமை ஆந்தை, முகத்தைத் திருப்பிக்கொண்டு.

முதல் மழை இன்னும் விழவில்லை. செங்காந்தாள் துள்ளிக்கொண்டு வெளியே வந்தாள். "அண்ணே! உங்களுக்கும் ஆணை வாங்கிடலாம், வாங்க!"

மாசாணம் இருந்த இடத்தில் ஒரு புற்று நின்றது. பூமியை ஆளக் காத்திருந்தவரைப் பூமியே மூடிவிட்டது. அவள் அழுதுகொண்டே மண்ணைப் பறித்தாள். உள்ளே நாலைந்து முட்கள்தான் கிடந்தன. அடிமண்ணிலிருந்து குரல் மட்டும் வந்தது.

"சத்தம் போடாதே தங்கச்சி... பரிசீலனையில இருக்கு..."

உரிய பதிலைத் தராமல் இழுத்தடிப்பவர்கள்முன் பொறுத்துக்கொண்டே இருப்பவர் அழிவார். காலத்தோடு நீதியின் வாசலைத் தட்டியவரே பிழைப்பார்.