கோட்டின் மேல் விழுந்தது

“ஷட்டில் கோட்டின் மேல்தான் விழுந்தது. வெளியே என்று முடிவானது. உனக்குத் தெரியும். தெரிந்தும் இத்தனை வருஷமாக ஒன்றுமே நடக்காத மாதிரி இந்தக் கதவைத் திறந்துகொண்டு வந்து போகிறாய். வெட்கமாக இல்லையா?”

திங்கட்கிழமை காலை ஆட்டக்கூடத்தின் அறிவிப்புப் பலகையில் இந்தச் சீட்டு குத்தியிருந்தது. யாருக்கு என்று இல்லை. எழுதியவர் பெயரும் இல்லை. ஆனால் அந்தத் தடித்த நீலப் பேனா மெரெட்டெயுடையது என்று ஊருக்கே தெரியும். பழைய ராக்கெட்டுகளில் அவள் விலைச்சீட்டு எழுதி ஒட்டுவது அதே பேனாவால்தான்.

டென்மார்க்கின் மேற்குக் கரையில் ஒரு சின்னத் துறைமுக ஊர் அது. அங்கே கிளப் ஆட்டங்களுக்கு நடுவர் கிடையாது. நெட்டுக்கு இந்தப் பக்கம் விழுந்தால் இந்தப் பக்கத்து ஆள் சொல்வதுதான் தீர்ப்பு. கோட்டின் மேல் பட்டாலே உள்ளேதான்; ஆனாலும் அவர் உள்ளே என்றால் உள்ளே, வெளியே என்றால் வெளியே. எதிராளி தலையாட்டிவிட்டு அடுத்த ஷட்டிலை எடுக்க வேண்டும். பிள்ளைகளின் ஆட்டத்துக்கும் இதே வழக்கம்தான்.

ஆகவே சீட்டைப் படித்தவர்கள் எல்லோரும் ஒரு நிமிஷம் நின்றுவிட்டுத்தான் போனார்கள்.

முதலில் ரொட்டிக்கடைக்காரர் வந்தார். பலகைக்கு எதிரே இருந்த மெரெட்டெ ராக்கெட் பழுதுபார்த்து விற்கும் அறையின் கதவைத் தட்டாமலே திறந்தார்.

“பன்னிரண்டு வருஷம் ஆச்சு. அதைப் போய் இப்போ பலகையில குத்துவியா?”

“குத்துவேன்,” என்றாள் மெரெட்டெ, ஒரு ராக்கெட்டுக்கு நரம்பை இழுத்துக் கட்டிக்கொண்டே.

“உனக்கு யார் சொன்னது?”

“இப்போ நீங்கதான்.”

அடுத்து பல் டாக்டர். கோபமாக வந்தார், சிவந்த முகத்தோடு திரும்பினார். புதன்கிழமைக்குள் பதினோரு பேர் வந்துவிட்டார்கள். பதினோரு பேருக்கும் அவள் சொன்னது ஒன்றுதான்: ஆமாம், உங்களுக்குத்தான்.

வியாழக்கிழமை எஸ்பன் வந்து சேர்ந்தான்.

எஸ்பன் இந்த ஊர்க்காரன். அவனுக்குப் பதினாறு வயதானபோது இந்த ஊரிலிருந்து ஒரே ஒரு பிள்ளையைத் தலைநகரத்துப் பயிற்சி மையத்துக்கு எடுத்தார்கள். அது அவன். அதன் பிறகு பத்தொன்பது வருஷம் ஷட்டில்தான் அவனுக்குச் சோறு போட்டது. நாளைக்கு ஆறு மணி நேரப் பயிற்சி. ஞாயிற்றுக்கிழமைகளில் ஜெர்மனி லீக். மற்ற வாரங்களில் ஜகார்த்தா, ஹைதராபாத், டோக்கியோ என்று விமானம். முழங்காலில் இரண்டு அறுவைச் சிகிச்சை. உலகத் தரவரிசையில் ஒன்பது வரை ஏறினான். பெரிய போட்டிகளில் ஆறு அரையிறுதி, ஒன்றைக்கூடத் தாண்டவில்லை. வருகிற சனிக்கிழமை அவனுடைய கடைசி ஆட்டம், சொந்த ஊரில். அன்றைக்கே இந்த ஆட்டக்கூடத்துக்கு அவன் பெயர் வைக்கிறார்கள்.

சுவரில் அந்தப் பெயரை எழுதும் வேலை ட்ரோல்ஸிடம். படகுகளுக்குப் பெயர் எழுதிப் பிழைக்கிறவன். ஊரில் அவனைப்போல நேராக எழுத வேறு ஆள் இல்லை. எஸ்பன் உள்ளே நுழைந்தபோது ஏணி மேல் நின்று முதல் எழுத்துக்குப் பெயிண்ட் அடித்துக்கொண்டிருந்தான். திரும்பிப் பார்த்துத் தூரிகையை லேசாக உயர்த்தினான். எஸ்பனும் கையை உயர்த்தினான்.

பலகையின் முன்னால் எஸ்பன் நின்றான். இரண்டு முறை படித்தான். பிறகு எதிரே இருந்த கதவைத் திறந்தான்.

“மாஸ்டர், சீட்டு யாருக்கு?”

மெரெட்டெ அவனைவிட இரண்டு வயது சின்னவள். பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு, மீன் ஏலத்தில் கத்திக் கத்திப் பேரம் கற்றவள். மூக்குக்கு மேல் கோபம். முதல் முழங்கால் அறுவைக்குப் பிறகு, ஆட்டத்தையே விட்டுவிடப் போகிறேன் என்று எஸ்பன் அவள் முன்னால் வந்து நின்றான். அவள் ஆறுதல் சொல்லவில்லை. அவன் ராக்கெட்டுகளை விலைக்குக் கேட்டாள். அவள் சொன்ன விலை காதால் கேட்க முடியாத அளவுக்குக் குறைவு. எஸ்பனுக்கு ரத்தம் கொதித்தது. ராக்கெட்டுகளைத் தூக்கிக்கொண்டு அன்றைக்கே பயிற்சிக்குத் திரும்பினான். அதிலிருந்து அவளை மாஸ்டர் என்று கூப்பிடுகிறான். கேலிக்குத் தொடங்கியது. கேலி போய்விட்டது, பெயர் நின்றுவிட்டது.

“காபி குடிக்கிறியா?” என்றாள்.

“சீட்டு யாருக்குன்னு கேட்டேன்.”

“பதினோரு பேர் கேட்டாங்க. பதினோரு பேருக்கும் உங்களுக்குத்தான்னு சொன்னேன். நேத்து ரொட்டிக்கடைக்காரர் பல் டாக்டர் வீட்டுக்குக் கேக் எடுத்துட்டுப் போயிருக்கார். கதவைத் திறந்தா பல் டாக்டர் கையில ஒயின் பாட்டிலோட நிக்கறாராம், இவர் வீட்டுக்குக் கிளம்பி. ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் ஏமாத்தியிருக்காங்க, அதுவும் ஒரே ஆட்டத்தில.”

எஸ்பன் சிரிக்கவில்லை.

“நான் வருஷத்துக்கு ரெண்டு தடவைதான் இங்கே வர்றேன். இந்தக் கதவைத் திறந்துட்டு வந்து போறேன்னு எழுதியிருக்கு. அப்போ எனக்கு இல்லை.”

“இல்லைன்னா காபியைக் குடி.”

அவன் கோப்பையைத் தொடவில்லை.

மெரெட்டெ ஷட்டில் கூடையைத் தூக்கிக்கொண்டு எழுந்தாள்.

“வா.”

கோர்ட்டின் பின்கோட்டருகே அவனை நிற்க வைத்தாள். தான் நெட்டுக்கு அந்தப் பக்கம் போனாள்.

“நான் அடிக்கிறேன். நீ தொடாதே. எங்கே விழுதுன்னு மட்டும் வாயால சொல்லு.”

பத்தொன்பது வருஷமாக அவன் இதைச் செய்ததில்லை. பெரிய ஆட்டங்களில் கோட்டுக்கு ஒரு ஆள் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். சந்தேகம் வந்தால் கேமரா சொல்லும். அவன் அடித்தால் போதும்.

“உள்ளே,” என்றான். “உள்ளே. வெளியே. உள்ளே. உள்ளே.”

முப்பது ஷட்டில் விழுந்து கூடை காலியானது. மெரெட்டெ நெட்டுக்குக் கீழே குனிந்து இந்தப் பக்கம் வந்தாள்.

“ஆறு தப்பு.”

“ஆறா?”

“ஆறும் வெளியே. நீ உள்ளேன்னு சொன்னே.”

“கோட்டை ஒட்டி விழுந்தா, சந்தேகம் வந்தா, எதிராளிக்குக் கொடுக்கணும் மாஸ்டர். நீயும் அப்படித்தானே வளர்ந்தே?”

“சந்தேகம் வந்துச்சா?”

எஸ்பன் தரையைப் பார்த்தான். கோட்டுக்கு அந்தப் பக்கம், நன்றாக இரண்டு விரல் தள்ளி, ஒரு ஷட்டில் கிடந்தது.

“இல்லை.”

“வெளியேன்னு தெரிஞ்சுது.”

“தெரிஞ்சுது.”

“அப்புறம்?”

மெரெட்டெ தரையிலேயே உட்கார்ந்து, வளைந்துபோன ஒரு இறகை நிமிர்த்தினாள்.

“கோலாலம்பூர்ல பட்டுச்சா?”

கோலாலம்பூர் என்றால் எஸ்பனின் ஆறாவது அரையிறுதி. கடைசிப் புள்ளி. எதிராளி அடித்த ஷட்டில் கோட்டைத் தாண்டிப் போய் விழுந்தது. எஸ்பன் கையைத் தூக்கி, அது என் ராக்கெட்டில் பட்டுவிட்டது என்றான். நடுவர் பார்க்கவில்லை. எதிராளிகூட விழித்தான். அந்தப் புள்ளியோடு ஆட்டமும் போயிற்று. அந்த வருஷம் நேர்மைக்கான விருதை அவனுக்குக் கொடுத்தார்கள்.

“பட்டுச்சான்னு கேட்டேன்.”

சுவரோரம் ஏணி கிரீச்சிட்டது.

“படலை,” என்றான் எஸ்பன்.

மெரெட்டெ கையிலிருந்த ஷட்டிலைச் சுவரில் விட்டெறிந்தாள்.

“அடப் பாவி! டிவியில அதைப் பார்த்துட்டு அன்னைக்கே ஒரு காபிக் கோப்பையை உடைச்சேன். அந்த ஜப்பான்காரப் பையன் உனக்கு என்ன பண்ணான்? அவனுக்கு எதுக்குய்யா கொடுத்தே?”

“தெரியலை. கை தானா மேலே போச்சு.”

“தானா ஒண்ணும் போகாது. அந்தப் புள்ளி யாருக்குப் போக வேண்டியது?”

எஸ்பன் ஏணிப் பக்கம் பார்த்தான். பிறகு அவளருகே உட்கார்ந்து, குரலைத் தாழ்த்தினான்.

“பதினாறு வயசு. இதே கோர்ட். தலைநகரத்துக்கு யார் போறதுன்னு முடிவு பண்ற ஆட்டம். நானும் ட்ரோல்ஸும். மூணாவது செட், எனக்கு இருபது, அவனுக்குப் பத்தொன்பது. இந்த மூலைக்கு அடிச்சான். வெளியே போகும்னு நினைச்சு விட்டுட்டேன்.”

“விழுந்துச்சு.”

“கோட்டு மேல. பார்த்தேன்.”

“என்ன சொன்னே?”

“வெளியேன்னேன்.”

“ட்ரோல்ஸ்?”

“தலையாட்டினான். வந்து கை கொடுத்தான்.”

“உள்ளேன்னு சொல்லியிருந்தா இருபது-இருபது. அதுக்கப்புறமும் நீயே ஜெயிச்சிருக்கலாம்.”

“ஜெயிச்சிருக்கலாம். தோத்திருக்கலாம். அதுதான் மாஸ்டர். ஒன்பதாவது இடத்துக்கு வந்தப்பவும் அதைத்தான் யோசிச்சேன். எனக்குத் தெரியவே தெரியாது.” அவன் மூச்சை விட்டான். “சரி. சீட்டு எனக்குத்தான்.”

“உனக்கு இல்லை.”

எஸ்பன் நிமிர்ந்தான். “பதினோரு பேருக்கும் ஆமாம்னு சொன்னே.”

“அவங்களுக்கு ஆமாம். உனக்கு இல்லை.”

“பின்னே யாருக்கு?”

மெரெட்டெ இன்னொரு ஷட்டிலை எடுத்தாள். இந்த முறை எறியவில்லை.

“ஒரு பொண்ணு இருந்தா. பதினாலு வயசு. விடியற்காலையில துறைமுகத்தில அப்பாகூட மீன்பெட்டி தூக்குவா. அப்படியே இங்கே வந்து ஸ்கோர் பலகை திருப்புவா. ட்ரோல்ஸ் அவளைப் பார்த்தா மூக்கைப் பொத்துவான். மத்தப் பிள்ளைங்க சிரிக்கும். அன்னைக்கு அந்தக் கோட்டுக்கு உன்னைவிட அவதான் பக்கம்.”

எஸ்பன் மெல்ல அவள் பக்கம் திரும்பினான்.

“ஸ்கோர் திருப்பறவங்க கோட்டைப் பத்திப் பேசக் கூடாதுன்னு விதி. ரொம்ப வசதியான விதி. இருபத்தொண்ணுன்னு திருப்பினா. சந்தோஷமாத் திருப்பினா. அதுக்கப்புறம் தினமும் இந்தக் கதவைத் திறந்துட்டு வந்து போறா.”

“மாஸ்டர்...”

“போன ஞாயிற்றுக்கிழமை சொன்னாங்க, சுவர்ல உன் பேர் வருது, எழுதறது ட்ரோல்ஸ்னு. அன்னைக்கு ராத்திரி தூக்கம் வரலை. எனக்கு நானே எழுதினேன். வீட்டில வெச்சா கிழிச்சுப் போட்டுடுவேன். நாலு பேர் பார்க்கிற இடத்தில குத்திட்டா கிழிக்க முடியாதில்ல?”

“அப்புறம்?”

“மூணு நாள் அந்தச் சீட்டைத் தாண்டித்தான் போய் வந்தேன். இன்னைக்குக் காலையில ஏணிக்குக் கீழே போய் நின்னேன். சொல்லிட்டேன்.”

இருவரும் சுவரைப் பார்த்தார்கள். ட்ரோல்ஸ் முதல் எழுத்தை முடித்துவிட்டான். தலையைச் சாய்த்துப் பார்த்துவிட்டு இரண்டாவதற்குத் தூரிகையைத் தோய்த்தான்.

“என்ன சொன்னான்?”

“தெரியும்னான். நெட்டுக்கு அந்தப் பக்கம் நின்னா கோடு தெரியாதான்னு கேட்டான். அப்புறம்... மூக்கைப் பொத்தினதுக்கு மன்னிப்புக் கேட்டான். அதை நான் எதிர்பார்க்கலை. பெயிண்ட் வாடை கண்ணுல ஏறுதுன்னு சொல்லிட்டு வந்துட்டேன்.”

“என்னைப் பத்தி?”

“உன்னைப் பத்தி நாங்க பேசலை.”

“தெரிஞ்சுமா என் பேரை எழுதறான்? ஏன் மாஸ்டர்?”

“அதை எதுக்கு என்கிட்ட கேட்கிறே? ஏணி அங்கே இருக்கு.”

எஸ்பன் எழுந்தான். ஏணிப் பக்கம் போகவில்லை. கோர்ட்டில் சிதறிக் கிடந்த ஷட்டில்களை ஒவ்வொன்றாகப் பொறுக்கிக் கூடையில் போட்டான். முப்பதையும் பொறுக்கினான். சுவரோரம் விழுந்த அந்த ஒன்றையும் விடவில்லை. அதற்குள் இரண்டாவது எழுத்து பாதி வந்துவிட்டது.

“மாஸ்டர், நான் என்ன பண்ணணும்?”

மெரெட்டெ கூடையை வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

“உன்னை யார் கேட்டா? அன்னைக்கு இந்தக் கோட்டுப் பக்கத்தில நின்னு வெளியேன்னு ஒரு பதினாறு வயசுப் பையன் சொன்னான் பாரு, அவனைக் கூப்பிடு. எங்கே ஒளிஞ்சிருந்தாலும் இழுத்துட்டு வா. ஏணிக்குக் கீழே நிக்கச் சொல்லு. இந்தக் கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரி உள்ளேன்னு சொல்லச் சொல்லு. பெயிண்ட் காயறதுக்குள்ள சொல்லச் சொல்லு.”