இமைக்காத வெள்ளி

அந்தக் காலத்தில் விண்மீன்களுக்குப் பேசத் தெரியும், இமைக்கத் தெரியாது. கரையோரத்து மக்கள் அவற்றை வெள்ளி என்பார்கள். கடலில் இருப்பவனுக்குக் கரை எந்தப் பக்கம் என்று அவைதான் சொல்லும். வௌவால் வரும்வரை எல்லாம் நன்றாகத்தான் இருந்தது.

அது நம் ஆலமரத்து வௌவால் இல்லை. சிறகை விரித்தால் பாதி வானம் காணாமல் போகும். வெள்ளிகளை அத்திப்பழம்போலப் பறித்து மென்றது. அது துப்பிய சக்கை எரிந்துகொண்டே கடலில் விழும்போது ஊரே மூச்சு விடாமல் கிடக்கும். அசையாத வெளிச்சத்தைத்தான் அது குறி வைக்கிறது என்று தெரிந்ததும் வெள்ளிகள் கண்ணை இறுக மூடிக்கொண்டன. பயந்து பயந்து திறக்கும், உடனே மூடிக்கொள்ளும்.

ஒருநாள் பொழுது சாய்ந்தும் சேவுகனின் கட்டுமரம் திரும்பவில்லை. அவன் மனைவி முத்திருளி ஈர மணலில் நின்றாள். முந்தின வாரம் அவள் கொழுந்தன் இப்படித்தான் திசை தெரியாமல் போனான். துடுப்பு மட்டும் கரை சேர்ந்தது. மேற்கே, ஊர்ப் பனைகளுக்கு மேல், எப்போதும் ஒரே இடத்தில் நிற்கும் பெரிய வெள்ளியைக் கூப்பிட்டாள்.

“தாயி, கண்ணைத் தொற. எம் புருசன் கடல்ல கெடக்காரு.”

“தொறந்தா அது என்னைத் தின்னுரும்டி.”

“அவரு கரை ஏறுற வரைக்குந்தான். உன் காலைப் பிடிச்சுக் கேக்குறேன்.”

வெள்ளி ஓரக்கண்ணைத் திறந்து வௌவாலைப் பார்த்தது. பிறகு, “சரி. அது தலைகீழாத் தொங்குது. மொகம் உங்களைப் பாத்துத்தான் இருக்கு, நான் முதுகுப்பக்கம். நீ காட்டிக் குடுக்காம இருந்தாச் சரி,” என்றது.

“செத்தாலும் காட்ட மாட்டேன்.”

வெள்ளி கண்ணைத் திறந்தது. மூடவே இல்லை.

சற்று நேரத்தில் அலைச் சத்தத்துக்கு நடுவே சேவுகனின் குரல் கேட்டது. “முத்திருளீ! எந்தப் பக்கம் வரட்டும்?”

போன உயிர் வந்தது அவளுக்கு. அந்தச் சந்தோஷத்தில் எல்லாம் மறந்துபோயிற்று. “அதோ, அந்த வெள்ளியைப் பாத்து வாங்க!” என்று கத்திக்கொண்டே கையை நீட்டினாள். இருட்டில் அவன் விரலை எங்கே காணப் போகிறான்! கண்டது வௌவால்தான்.

மேலே ஏதோ புரண்டது. நீட்டிய விரல் காட்டிய பக்கம் வௌவால் மெல்லத் தலையைத் திருப்பியது. முத்திருளி விரலை மடக்கி வாய்க்குள் வைத்துக் கடித்தாள். என்ன பயன்? சிறகுக் காற்றில் பனைகள் வளைந்தன.

வெள்ளி கண்ணை மூடியிருக்கலாம். கட்டுமரம் இன்னும் அலைக்குள் இருந்தது. அதனால் மூடாமல், நின்ற இடத்தை விட்டு, சூரியன் இறங்கிய பக்கம் ஓடியது. பொறுக்கமாட்டாமல் இன்னும் நான்கு வெள்ளிகள் கண்ணைத் திறந்து, வௌவாலைத் திசைதிருப்ப ஆளுக்கொரு பக்கம் ஓடின. ஒன்றின் முகத்தில் நகம் கீறி ரத்தம் வழிந்தது. பெரிய வெள்ளி சூரியனின் முந்தானைக்குள் புகுந்துகொண்ட நேரத்தில் கட்டுமரம் மணலைத் தொட்டது.

சேவுகன் இறங்கி வந்து அவள் தோளைப் பிடித்துக்கொண்டான். அவளுக்கு அழுகைதான் வந்தது. பனைகளுக்கு மேலே இருட்டு மட்டும் இருந்தது.

“தாயி, உன் எடத்துக்கு வந்துரு!”

“வந்து ஒரே எடத்துல நின்னா இமைக்கணும். இமைச்சா, அடுத்தவ புருசனுக்கு ஆரு வழி காட்டுறது? நான் நடந்துக்கிட்டே இருந்துக்கிறேன்டி.”

வௌவாலுக்கு இன்னும் பசி அடங்கவில்லை. அன்று முதல்தான் மற்ற வெள்ளிகள் இருந்த இடத்திலேயே இமைத்துக்கொண்டிருக்க, இமைக்காத ஐந்து மட்டும் வீடில்லாமல் வானத்தில் நடக்கின்றன. அவற்றில் ஒன்று இன்னும் சிவந்திருக்கிறது. பெரிய வெள்ளி அந்தியிலும் விடியலிலும் மட்டும், சூரியனை விட்டு விலகாமல் தலைகாட்டுகிறது. அதைக் கண்டால் அந்தக் கரைப் பெண்கள் விரலை மடக்கிக்கொண்டு மோவாயால் மட்டும் காட்டுவதும் அன்று முதல்தான்.